நீதிமன்றங்களில் வழங்கும் சட்டச் சொற்கள்: பொருளும் வேறுபாடும்

(க.பொ.த. சாதாரண தரக் குடியியற் கல்வி மாணவர்களுக்கானது. உயர்தரத்தில் அரசியல் விஞ்ஞானம் கற்போருக்கும் பயன்படும்.)



நீதித்துறை பற்றிய வினாக்களுக்கு விடையெழுதும் மாணவர் பலர், விடயம் தெரிந்திருந்தும் புள்ளிகளை இழக்கின்றனர். காரணம் சொல். சந்தேகநபர் என எழுத வேண்டிய இடத்தில் குற்றவாளி என எழுதுவார்கள். விளக்கமறியல் என்பதைச் சிறைத்தண்டனை என்பார்கள். சாதாரண பேச்சில் இவை ஒன்றுபோலத் தோன்றலாம். சட்டத்தில் ஒவ்வொரு சொல்லும் ஒரு மனிதனை ஒவ்வொரு நிலையில் வைக்கிறது. எந்த நிலையில் அவனுக்கு எந்த உரிமை உண்டு என்பது அச்சொல்லைப் பொறுத்தே அமைகிறது. ஆகவே இச்சொற்களை வரைவிலக்கணமாகப் பாடமாக்காமல், ஒரு வழக்கு எவ்வாறு நகர்கிறது என்பதோடு சேர்த்துப் படியுங்கள். மறக்காது.

தொலைக்காட்சித் தமிழும் எமது சட்டத் தமிழும்

முதலில் ஒரு பொறியைப் பார்ப்போம். இந்தியத் திரைப்படங்களிலும் செய்திகளிலும் நீங்கள் கேட்கும் சொற்கள் சில இலங்கையில் வேறு பொருளில் வழங்குகின்றன. தமிழ்நாட்டில் உயர் நீதிமன்றம் என்பது மாநிலத்தின் நீதிமன்றம். அதற்கு மேலே உச்ச நீதிமன்றம் உள்ளது. இலங்கையிலோ உயர் நீதிமன்றம் என்பதே நாட்டின் அதியுயர்ந்த நீதிமன்றமாகும். அதற்குக் கீழே மேன்முறையீட்டு நீதிமன்றமும், அதற்குக் கீழே மேல் நீதிமன்றமும், பின்னர் மாவட்ட நீதிமன்றம், நீதவான் நீதிமன்றம், ஆரம்ப நீதிமன்றம் என்பனவும் உள்ளன. "மேல்", "உயர்" என்ற இரு சொற்களும் பேச்சில் ஒரே பொருளைத் தருவதால் மாணவர் தடுமாறுகின்றனர். கொலை போன்ற பாரதூரமான குற்றங்கள் முதலில் விசாரிக்கப்படுவது மேல் நீதிமன்றத்தில். அடிப்படை உரிமை மனு விசாரிக்கப்படுவது உயர் நீதிமன்றத்தில். இந்த இரு வாக்கியங்களையும் மனதில் இருத்திக்கொண்டால் மாறாது.

நீதிமன்றத்தில் அமர்பவர் எல்லோரையும் நீதிபதி என எழுதுவதும் சரியன்று. நீதவான் நீதிமன்றத்தில் இருப்பவர் நீதவான். மாவட்ட நீதிமன்றத்திலும் மேல் நீதிமன்றத்திலும் இருப்பவர் நீதிபதி. மேன்முறையீட்டு நீதிமன்றத்திலும் உயர் நீதிமன்றத்திலும் இருப்பவர் நீதியரசர். உயர் நீதிமன்றத்தின் தலைவர் பிரதம நீதியரசர். சமாதான நீதவான் என்பவர் இவர்களில் ஒருவரும் அல்லர். அவர் வழக்கு விசாரிப்பதில்லை. ஆவணங்களை உறுதிப்படுத்துவதும் சத்தியக்கடதாசிகளில் கையொப்பமிடுவதுமே அவரது முக்கிய பணி.

வழக்கறிஞர் என்று தமிழ்நாட்டில் சொல்லப்படுபவரை நாம் சட்டத்தரணி என்கிறோம். ஜாமீன் என்பதை நாம் பிணை என்கிறோம். உங்கள் பாட்டனாரிடம் கேட்டால் அப்புக்காத்து, பிறக்கிராசி என இரு வகையினர் இருந்ததாகச் சொல்வார். நீதிமன்றில் வாதாடியவர் அப்புக்காத்து. கட்சிக்காரருக்காக ஆவணங்களை ஆயத்தஞ்செய்து வழக்கைக் கொண்டு நடத்தியவர் பிறக்கிராசி. 1973 ஆம் ஆண்டின் 44 ஆம் இலக்க நீதி நிருவாகச் சட்டம் இவ்விரு பிரிவையும் ஒன்றாக்கியது. அதன் பின் எல்லோரும் சட்டத்தரணிகளே.

அரசின் பிரதான சட்ட அதிகாரி சட்டமா அதிபர் ஆவார். மேல் நீதிமன்றத்தில் குற்றச்சாட்டைத் தாக்கல் செய்பவர் இவரே. நீதி அமைச்சரையும் இவரையும் ஒருவரெனக் கருதி எழுத வேண்டாம். ஒருவர் அரசியல்வாதி. மற்றவர் அரச அலுவலர்.

ஒரு துவிச்சக்கர வண்டி களவு போகிறது

குற்றவியல் வழக்கின் சொற்களை ஒரு கற்பனைச் சம்பவத்தினூடாகப் பார்ப்போம். சந்தைக்குச் சென்ற ஒருவர் மரத்தடியில் நிறுத்திய தமது துவிச்சக்கர வண்டியைக் காணவில்லை. அவர் பொலிஸ் நிலையத்துக்குச் சென்று நடந்ததைக் கூறுகிறார். இது முறைப்பாடு. கூறியவர் முறைப்பாட்டாளர். பொலிஸார் எழுதிக்கொள்ளும் கூற்று வாக்குமூலம்.

வண்டி யாருக்கும் தெரியாமல் எடுக்கப்பட்டிருந்தால் அது களவு. உரிமையாளரை அடித்தோ அச்சுறுத்தியோ பறிக்கப்பட்டிருந்தால் அது கொள்ளை. இரவலாக வாங்கியவர் திருப்பித் தராமல் நேர்மையீனமாக விற்றுவிட்டால் அது நம்பிக்கை மோசடி. பொருள் ஒன்றுதான், போனதும் ஒன்றுதான். ஆனால் போன விதம் குற்றத்தின் பெயரையும் தண்டனையையும் மாற்றுகிறது. இவையெல்லாம் 1883 ஆம் ஆண்டின் 2 ஆம் இலக்கத் தண்டனைச் சட்டக்கோவையில் வரையறுக்கப்பட்டுள்ளன.

விசாரணையில் ஓர் இளைஞன் மீது ஐயம் எழுகிறது. இப்போது அவன் சந்தேகநபர். அவனைப் பொலிஸார் தமது கட்டுப்பாட்டில் எடுப்பது கைது. கைதின்போது அதற்கான காரணம் அவனுக்குச் சொல்லப்படல் வேண்டும். இது 1978 ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 13(1) ஆம் உறுப்புரை. பொலிஸ் காவலில் அவனை எவ்வளவு நேரம் வைத்திருக்கலாம்? 1979 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின்படி, பயண நேரம் நீங்கலாக 24 மணித்தியாலத்துக்கு மேற்படாமல் நீதவான் முன் ஆஜர்செய்தல் வேண்டும். இது பொதுவிதி. விசேட சட்டங்கள் சில இதற்கு மாறான ஏற்பாடுகளைக் கொண்டிருந்தமையும், அவற்றின் கீழ் எமது பிரதேசங்களில் பலர் நீண்ட காலம் தடுத்து வைக்கப்பட்டமையும் நீங்கள் அறிந்ததே.

இங்கு இரு சொற்களை வேறுபடுத்துங்கள். நீதவானின் கட்டளையின் பேரில், விசாரணை முடியும் வரை சந்தேகநபரைச் சிறைச்சாலையில் வைத்திருப்பது விளக்கமறியல். நிறைவேற்றுத்துறையின் கட்டளையின் பேரில், விசேட சட்டமொன்றின் கீழ் வைத்திருப்பது தடுப்புக்காவல். முன்னதில் கட்டளையிடுபவர் நீதவான். பின்னதில் அமைச்சரோ அத்தகைய அதிகாரி ஒருவரோ. அதிகாரம் எங்கிருந்து வருகிறது என்பதே வேறுபாடு. இரண்டும் தண்டனை அல்ல.

பத்திரிகைகள் விளக்கமறியலில் உள்ளவரைக் கள்வன் எனத் தலைப்பிடுவதை நீங்கள் கண்டிருப்பீர்கள். அது பிழை. அரசியலமைப்பின் 13(5) ஆம் உறுப்புரையின்படி, குற்றவாளியென எண்பிக்கப்படும் வரை ஒவ்வொருவரும் சுத்தவாளியென ஊகிக்கப்படல் வேண்டும். சுத்தவாளி என்னும் சொல்லையும் குறித்துக்கொள்ளுங்கள். நிரபராதி என்பதற்கு எமது நீதிமன்றங்களில் வழங்கும் சொல் இதுவே.

வாக்குமூலம் பற்றி இன்னொன்று. "நான்தான் எடுத்தேன்" என அவ்விளைஞன் பொலிஸ் உத்தியோகத்தரிடம் ஒப்புக்கொண்டால் அது குற்ற ஒப்புதல். 1895 ஆம் ஆண்டின் 14 ஆம் இலக்கச் சான்றுக் கட்டளைச் சட்டத்தின்படி, பொலிஸ் உத்தியோகத்தரிடம் செய்யப்பட்ட குற்ற ஒப்புதலை அவனுக்கு எதிராக எண்பிக்க முடியாது. ஏன் அவ்வாறு? அடித்து வாங்கிய ஒப்புதலும் விரும்பிக் கொடுத்த ஒப்புதலும் தாளில் ஒன்றுபோலவே இருக்கும். ஆகவே சட்டம் அந்தத் தாளையே ஒதுக்கியது. 1979 ஆம் ஆண்டின் 48 ஆம் இலக்கப் பயங்கரவாதத் தடுப்புச் சட்டம் இதற்கு ஒரு விதிவிலக்கை ஏற்படுத்தி, உதவிப் பொலிஸ் அத்தியட்சர் தரத்துக்குக் குறையாத அலுவலரிடம் செய்யப்பட்ட ஒப்புதலைச் சான்றாக ஏற்க இடமளித்தது. அச்சட்டம் பெரிதும் விமர்சிக்கப்பட்டமைக்கு இது ஒரு முக்கிய காரணம். உயர்தர மாணவர் இவ்விடயத்தை எழுதினால் விடை கனதி பெறும்.

பரீட்சைக்கு அப்பால் ஒரு வார்த்தை. உங்களுக்கு விளங்காத மொழியில் எழுதப்பட்ட எந்தக் கூற்றிலும் கையொப்பமிட வேண்டாம். வாசித்துக் காட்டும்படி, தமிழில் விளக்கும்படி கேளுங்கள். சிங்களமும் தமிழும் அரசகரும மொழிகள். நீதிமன்ற நடவடிக்கை நடைபெறும் மொழி ஒரு கட்சிக்காரருக்குத் தெரியாவிடின், அரசாங்கம் மொழிபெயர்ப்பு வசதி வழங்கவேண்டும் என அரசியலமைப்பின் 24 ஆம் உறுப்புரை கூறுகிறது.

பிணை

பிணை என்பது, வழக்குத் தவணைகளுக்குத் தவறாது வருவேன் என்ற உறுதியின் பேரில் சந்தேகநபரை வெளியில் இருக்க அனுமதிப்பதாகும். 1997 ஆம் ஆண்டின் 30 ஆம் இலக்கப் பிணைச் சட்டத்தின் அடிப்படைத் தத்துவம், பிணை வழங்குவதே பொதுவிதி, மறுப்பது விதிவிலக்கு என்பதாகும். மறுப்பதாயின் காரணம் இருக்க வேண்டும். சந்தேகநபர் தலைமறைவாகலாம், சாட்சிகளை அச்சுறுத்தலாம், மீண்டும் குற்றம் புரியலாம் என்பன அத்தகைய காரணங்கள்.

"இரண்டு சரீரப் பிணைகளில் செல்ல நீதவான் அனுமதித்தார்" என்று செய்தி வருகிறது. சரீரப் பிணை என்றால் என்ன என்று வகுப்பில் கேட்டால் பெரும்பாலும் அமைதிதான் பதில். காசுப் பிணையில் குறித்த தொகையை நீதிமன்றில் கட்ட வேண்டும். சரீரப் பிணையில் காசு கட்டுவதில்லை. இன்னொருவர் முன்வந்து, இவர் தவணைக்கு வராவிட்டால் இத்தொகையை நான் செலுத்துவேன் எனக் கையொப்பமிடுகிறார். அவர் பிணையாளி. சந்தேகநபர் ஓடிவிட்டால் பிணைமுறி பறிமுதலாகும், பிணையாளி காசு தேட வேண்டியதுதான். ஒருவருக்குப் பிணை நிற்பது நற்பண்புச் சான்றிதழ் கொடுப்பது போன்றதன்று என்பதை இதிலிருந்து விளங்கிக்கொள்வீர்கள். சந்தேகநபர் தாமே தமக்காகக் கையொப்பமிட்டுச் செல்வது சொந்தப் பிணை. கைதுசெய்யப்படக்கூடும் என அஞ்சும் ஒருவர் முன்கூட்டியே நீதிமன்றை நாடிப் பெறுவது முன்பிணை.

பிணை கிடைத்தால் வழக்கு முடிந்துவிட்டது எனப் பலர் கருதுகின்றனர். முடியவில்லை. அதேபோல, பிணையில் விடத்தகாத குற்றம் என்பதற்குப் பிணையே கிடையாது என்று பொருளில்லை. பிணை கேட்பது அங்கு உரிமையாக இல்லை, வழங்குவதா இல்லையா என்பது நீதிமன்றின் தற்றுணிபு என்பதே பொருள். தற்றுணிபு என்றால் சூழ்நிலைகளை ஆராய்ந்து தீர்மானிக்கும் அதிகாரம்.

குற்றச்சாட்டு முதல் தீர்ப்பு வரை

சந்தேகநபருக்கு எதிராகக் குற்றச்சாட்டுப் பத்திரம் தாக்கல் செய்யப்பட்டதும் அவர் குற்றஞ்சாட்டப்பட்டவர் ஆகிறார். நீதிமன்றப் பேச்சில் இவரை எதிரி என்பர். பகைவன் என்ற பொருளில் அல்ல. குற்றச்சாட்டை வாசித்து, நீர் சுற்றவாளியா குற்றவாளியா என வினவுவர். (சில நீதிமன்றங்களில் சுற்றவாளி எனவும் சிலவற்றில் சுத்தவாளி எனவும் எழுதுவர். பொருள் ஒன்றே. பரீட்சையில் ஒன்றைத் தெரிவுசெய்து ஈற்றுவரை அதையே எழுதுங்கள்.)

வழக்கைக் கொண்டு நடத்தும் தரப்பு வழக்குத்தொடுநர். சாட்சி என்பது ஆள். சாட்சியம் என்பது அவர் சொல்வது. சான்றுப்பொருள் என்பது மன்றில் காட்டப்படும் பொருள். எமது சம்பவத்தில் வண்டி சான்றுப்பொருள். சாட்சியை அழைத்த தரப்பு முதலில் கேட்பது முதல் விசாரணை. எதிர்த்தரப்புக் கேட்பது குறுக்கு விசாரணை.

எண்பிக்கும் பொறுப்பு வழக்குத்தொடுநருடையது. அதுவும் நியாயமான சந்தேகத்துக்கு அப்பால் எண்பிக்க வேண்டும். வண்டி அவ்விளைஞனிடம் இருந்தது உண்மை. ஆனால் அதை அவன் ஒருவரிடம் விலைக்கு வாங்கியதற்குச் சாதகமாக நம்பத்தக்க விளக்கம் இருந்தால் சந்தேகத்தின் பயன் அவனுக்கே. அவன் தான் எடுக்கவில்லை என எண்பிக்க வேண்டியதில்லை.

தீர்ப்பு என்பது மன்றின் முடிவு. தண்டனை அத்தீர்ப்பின் விளைவு. குற்றவாளியெனத் தீர்ப்பளிக்கப்பட்ட பின்னரே ஒருவரைக் குற்றவாளி என எழுதலாம். தண்டனையிலும் விதித்தல் வேறு, நிறைவேற்றல் வேறு. மரணதண்டனை விதிக்கப்பட்டதாக அடிக்கடி செய்தி வந்தாலும், 1976 ஆம் ஆண்டுக்குப் பின் இலங்கையில் அது நிறைவேற்றப்படவில்லை. ஒத்திவைக்கப்பட்ட சிறைத்தண்டனை பெற்றவர் வீட்டுக்குச் செல்வார். ஆயினும் அவர் குற்றவாளியே. குறித்த காலத்துக்குள் மீண்டும் குற்றம் புரிந்தால் பழைய தண்டனையையும் அனுபவிக்க நேரிடும்.

சிறுவர்களைப் பற்றியும் வினா வரலாம். 12 வயதுக்குக் குறைந்த பிள்ளையின் செயல் குற்றமாகாது. இவ்வயதெல்லை முன்னர் 8 ஆக இருந்தது. 2018 ஆம் ஆண்டின் 10 ஆம் இலக்கத் தண்டனைச் சட்டக்கோவைத் திருத்தம் அதனை 12 ஆக உயர்த்தியது. பழைய நூல்களில் 8 என இருக்கும். கவனியுங்கள்.

வேலிச் சண்டை

இனிக் குடியியல் வழக்கு. இதற்கு எமது ஊர்களில் வேலியை விட நல்ல உதாரணம் இல்லை. அடுத்த காணிக்காரர் கதியாலை ஒரு முழம் தள்ளி நட்டுவிட்டார் என வைத்துக்கொள்ளுங்கள். இது தனியாள் இருவருக்கிடையிலான உரிமைப் பிணக்கு. வழக்கிடுபவர் வழக்காளி. வழக்கிடப்படுபவர் எதிராளி. வாதி, பிரதிவாதி எனவும் வழங்கும். எதிராளியை எதிரி என எழுதாதீர்கள். எதிரி குற்றவியல் வழக்குக்குரிய சொல். இங்கே தண்டனை இல்லை. கிடைப்பது நிவாரணம். அது நட்டஈடாக, காணியை மீள ஒப்படைக்கும் கட்டளையாக, அல்லது வழக்கு முடியும் வரை எதனையும் மாற்றாதே என்னும் தடைக்கட்டளையாக அமையலாம். எண்பிக்கும் அளவும் தாழ்ந்தது. இரு தரப்பில் யாருடைய கூற்று உண்மையாயிருக்கக்கூடியது கூட என நிறுத்துப் பார்க்கப்படும். இது நிகழ்தகவுச் சமநிலை எனப்படும்.

அதே வேலியைப் பற்றிப் பேச்சு முற்றி ஒருவர் மற்றவரைக் கத்தியால் வெட்டினால் அது குற்றவியல் வழக்கு. ஒரு சம்பவத்திலிருந்து இரு வழக்குகளும் பிறக்கலாம். ஒன்றின் முடிவு மற்றதைத் தானாக முடிப்பதில்லை.

காணிப் பிணக்குகளில் ஆட்சி, உரித்து என்னும் இரு சொற்கள் மிக முக்கியமானவை. ஆட்சி என்பது காணியைக் கையில் வைத்திருத்தல். உரித்து என்பது சட்டப்படியான சொந்தம். உறுதி உங்கள் பெயரில் இருக்க, காணியில் வேறொருவர் இருக்கலாம். 1979 ஆம் ஆண்டின் 44 ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் கீழ், சமாதானக் குலைவு ஏற்படக்கூடிய காணிப் பிணக்கைப் பொலிஸார் மன்றுக்கு அறிவிக்கலாம். அங்கு மன்று பார்ப்பது காணி யாருடையது என்பதையன்று, யாருடைய ஆட்சியில் இருந்தது என்பதையே. "கோட்டில் எனக்குத்தான் காணி தீர்ந்தது" என்று சொல்பவர்கள் பலர் உண்மையில் ஆட்சிக்கட்டளை மட்டுமே பெற்றிருப்பர். உரித்தைத் தீர்க்க மாவட்ட நீதிமன்றத்துக்கே செல்ல வேண்டும்.

ஆட்சி நீண்டால் உரித்தாகவும் மாறலாம். 1871 ஆம் ஆண்டின் 22 ஆம் இலக்கக் காலவரையறைக் கட்டளைச் சட்டத்தின்படி, தனியார் காணியொன்றில் உரிமையாளரின் உரிமைக்கு எதிராக, இடையூறும் இடைமுறிவுமின்றி 10 ஆண்டுகள் இருந்தவர் அதற்கு உரித்துக் கோரலாம். அரச காணிக்கு இது பொருந்தாது. வாடகைக்கோ இரவலுக்கோ இருப்பவருக்கும், அந்நிலை மாறாத வரை, பொருந்தாது. போரினால் இடம்பெயர்ந்து பல்லாண்டுகள் தம் காணிக்குத் திரும்ப முடியாதிருந்தோரை இந்தப் பத்தாண்டு விதி எவ்வளவு பாதித்திருக்கும் என எண்ணிப்பாருங்கள். அதனாலேயே 2016 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்க விசேட ஏற்பாடுகள் சட்டம் இயற்றப்பட்டது. 1983 மே 1 முதல் 2009 மே 18 வரையான காலத்தை, ஆயுதக் குழுக்களின் செயல்களால் நீதிமன்றம் செல்ல முடியாதிருந்தோருக்கு எதிராகக் கணக்கிடாமல் விட அது இடமளித்தது. ஆயின் அச்சட்டத்தின் பயனைப் பெறக் குறுகிய கால எல்லையே கொடுக்கப்பட்டிருந்தது.

பல குடியியல் பிணக்குகள் நீதிமன்றம் செல்லுமுன் மத்தியஸ்த சபைக்குச் செல்லும். எம் பக்கத்தில் இணக்க சபை என்றும் சொல்வர். 1988 ஆம் ஆண்டின் 72 ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் இவை அமைக்கப்பட்டன. சபையினர் தீர்ப்பு வழங்குவதில்லை. இரு தரப்பையும் இணங்க வைக்க முயல்வர். இணக்கம் ஏற்படாவிடின் அதற்கான சான்றிதழை வழங்குவர். அதன் பின்னரே வழக்கிடலாம்.

அழைப்பாணையும் பிடியாணையும்

மன்றுக்கு வரும்படி விடுக்கும் கட்டளை அழைப்பாணை. ஒருவரைப் பிடித்து வரும்படி பொலிஸாருக்கு விடுக்கும் கட்டளை பிடியாணை. அழைப்பாணை கிடைத்தும் போகாமல் விட்டால் என்ன நடக்கும்? குற்றவியல் வழக்காயின் பிடியாணை பிறப்பிக்கப்படலாம். குடியியல் வழக்காயின் பொலிஸார் வரமாட்டார்கள். அதுவே ஆபத்து. யாரும் வரவில்லையே என இருந்துவிட, மன்று வழக்காளியின் சாட்சியத்தை மட்டும் கேட்டு ஒருதலை விசாரணையில் தீர்ப்பளித்துவிடும். வீட்டுக்கு வரும் நீதிமன்றக் கடிதத்தை முதியோர் அஞ்சிப் பெட்டிக்குள் வைத்துவிடுவது உண்டு. உங்கள் வீட்டில் வாசிக்கத் தெரிந்தவர் நீங்களாயின் அதை எடுத்து, தவணைத் திகதியை முதலில் பாருங்கள்.

அடிப்படை உரிமை மனுவும் எழுத்தாணைகளும்

அடிப்படை உரிமை மீறல் மனு, நிறைவேற்று அல்லது நிருவாகச் செயலால் உரிமை மீறப்பட்டபோது மட்டும் தாக்கல் செய்யப்படுவது. அயலவர் உங்களைத் தாக்கினால் அது குற்றம், அடிப்படை உரிமை மீறல் அன்று. பொலிஸ் உத்தியோகத்தர் காவலில் தாக்கினால் 11 ஆம் உறுப்புரை மீறப்படுகிறது. 126 ஆம் உறுப்புரையின்படி மனுவை ஒரு மாதத்துக்குள் தாக்கல் செய்ய வேண்டும். அம்மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு முறைப்பாடு செய்திருந்தால், அங்கு விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கிடப்படாது (1996 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கச் சட்டம்).

எழுத்தாணைகள் மேன்முறையீட்டு நீதிமன்றத்தால் வழங்கப்படுவன. மாகாண மேல் நீதிமன்றங்களுக்கும், மாகாண சபைக்குரிய விடயங்களில், இவ்வதிகாரம் உண்டு. அலுவலர் ஒருவர் சட்டத்துக்கு மாறாக எடுத்த முடிவை வெறிதாக்குவது உறுதிகேள் எழுத்தாணை. செய்யவிருப்பதைத் தடுப்பது தடை எழுத்தாணை. செய்ய வேண்டிய கடமையைச் செய்யும்படி பணிப்பது ஆணையீட்டு எழுத்தாணை, மண்டாமுஸ் எனவும் வழங்கும். தடுத்து வைக்கப்பட்டுள்ளவரை மன்றின் முன் கொண்டுவரும்படி பணிப்பது ஆட்கொணர்வு எழுத்தாணை. எமது மாகாணங்களில் பிள்ளையைக் காணாது தேடிய தாய்மார் பலர் சட்டம் கற்காமலே அறிந்துகொண்ட சொல் இது. ஆளைக் காட்டு, இல்லையேல் எங்கே எனச் சொல் என்பதே அதன் சாரம்.

ஆவணங்களும் தேசவழமையும்

உங்கள் பிறப்புச் சான்றிதழில் ஒரு பெயரும் பாடசாலைப் பதிவில் இன்னொரு பெயரும் இருந்தால் சத்தியக்கடதாசி கேட்பார்கள். உண்மையெனச் சத்தியம் செய்தோ உறுதிகூறியோ எழுதிக் கொடுக்கும் கூற்று அது. பொய்யாகக் கொடுப்பது குற்றம். நூறு ரூபாய்க் காகிதம்தானே என நினைக்க வேண்டாம்.

காணி விற்பனை உறுதி, 1840 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தின்படி, நொத்தாரிசு ஒருவர் முன்னும் இரு சாட்சிகள் முன்னும் கையொப்பமிடப்பட வேண்டும். வெற்றுத்தாளில் எழுதி முத்திரை ஒட்டிக் கொடுத்தது காணியைக் கைமாற்றாது. இறுதி விருப்பாவணம் நொத்தாரிசு முன்னும் இரு சாட்சிகள் முன்னும், அல்லது நொத்தாரிசு இன்றி ஐந்து சாட்சிகள் முன்னும் செய்யப்படலாம். வெளிநாட்டில் இருப்போர் இங்குள்ள உறவினருக்குக் கொடுப்பது அற்றோனித் தத்துவம். தம் சார்பில் செயற்படும் அதிகாரம் அது. கொடுத்தவர் இறந்தால் அதிகாரமும் முடிந்துவிடும். இதை அறியாமல், இறந்தவரின் தத்துவத்தைக் கொண்டு எழுதிய உறுதிகளால் எழும் வழக்குகள் குறைவல்ல.

தேசவழமை, வடமாகாணத் தமிழருக்குரிய தனியாள் சட்டம். 1707 இல் ஒல்லாந்தர் காலத்தில் தொகுக்கப்பட்டு, 1806 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்க ஒழுங்குவிதியால் ஆங்கிலேயரால் ஏற்கப்பட்டது. இதில் மூன்று சொற்கள் போதும். பெற்றோர், மூதாதையர் வழி வருவது முதுசம். மகளின் திருமணத்தின்போது பெற்றோர் அவளுக்குக் கொடுப்பது சீதனம். திருமணத்தின் பின் கணவன் மனைவி தேடிக்கொள்வது தேடியதேட்டம். சீதனம் என்ற சொல்லை இன்று நாம் மாப்பிள்ளை வீட்டார் கேட்டு வாங்கும் பணத்துக்குப் பயன்படுத்துகிறோம். சட்டத்தின் சீதனம் அதுவன்று. அது பெண்ணின் சொத்து, அவள் பெயருக்கு எழுதப்படுவது. மாப்பிள்ளைக்கு நேரே கொடுக்கும் காசை ஊரில் நன்கொடை என்பர். இந்த வேறுபாட்டை மாணவிகள் விசேடமாக அறிந்து வைத்திருப்பது நல்லது.

பயிற்சி வினாக்கள்

1. பின்வரும் செய்தியில் உள்ள சொற்பிழைகளைத் திருத்துக: "களவு தொடர்பில் கைதான குற்றவாளிக்கு நீதவான் இரு வாரச் சிறைத்தண்டனை விதித்து விளக்கமறியலில் வைத்தார்."
2. ஒரு காணி தொடர்பாக ஆட்சி ஒருவரிடமும் உரித்து இன்னொருவரிடமும் இருக்கக்கூடிய இரு சந்தர்ப்பங்களைத் தருக.
3. பாடசாலை மாணவன் ஒருவன் பொலிஸ் காவலில் தாக்கப்பட்டான். சம்பவம் நடந்து மூன்று வாரங்கள் ஆகின்றன. அவனது பெற்றோர் நாடக்கூடிய இரு நிறுவனங்களையும், காலம் ஏன் முக்கியம் என்பதையும் விளக்குக.

விடைக் குறிப்புகள்: வினா 1 இல் "குற்றவாளி" என்பது "சந்தேகநபர்" எனவும், "சிறைத்தண்டனை விதித்து" என்பது நீக்கப்பட்டு "இரு வாரங்களுக்கு விளக்கமறியலில் வைக்கக் கட்டளையிட்டார்" எனவும் வரவேண்டும். வினா 2 இற்கு வாடகைக் குடியிருப்பு, இடம்பெயர்ந்தோரின் காணியில் பிறர் குடியிருத்தல் என்பன பொருத்தமானவை. வினா 3 இற்கு உயர் நீதிமன்றம், மனித உரிமைகள் ஆணைக்குழு என்பவற்றைக் குறிப்பிட்டு, ஒரு மாத எல்லை முடிய ஏறத்தாழ ஒரு வாரமே எஞ்சியுள்ளது என்பதை எழுதினால் முழுப் புள்ளியும் கிடைக்கும்.